லண்டன் பெட்டகங்களில் பதுளை முகங்கள்

1899 ஆம் ஆண்டு ஒக்டோபரில் நியூயோர்க் கடலில் ஒரு கிண்ணத்துக்கான பாய்மரப் படகுப் போட்டி நடந்தது. ஒரு படகு தேயிலை வணிகர் தோமஸ் லிப்டனுடையது. பெயர் ஷாம்ரொக். சலனப்படம் பிறந்து ஐந்தாறு ஆண்டுகள்கூட ஆகாத காலம் அது. ஆனாலும் எடிசன் நிறுவனம் கமராக்காரர்களை அனுப்பி அந்தப் போட்டியைப் படமாக்கியது. அந்தக் காட்சிகளை இன்றும் வாஷிங்டனில் உள்ள காங்கிரஸ் நூலகத்தில் பார்க்கலாம். 1930 வரை ஐந்து முறை லிப்டன் அந்தக் கிண்ணத்துக்காகப் போட்டியிட்டார், ஐந்து முறையும் தோற்றார். பின்னாளில் செய்திப்படக் கமராக்களும் அவரைத் துரத்திக்கொண்டே இருந்தன. அவர் கை அசைப்பதையும் தொப்பியைக் கழற்றுவதையும் சிரிப்பதையும் வேண்டிய அளவு பார்க்கலாம்.

அந்தப் படகுகளுக்குப் பணம் போன வழியில் எங்கள் ஊவாவும் இருக்கிறது. 1890 இல் அப்புத்தளைப் பக்கம் அவர் தோட்டங்களை வாங்கினார். தம்பேதன்னைத் தொழிற்சாலை அப்போது எழுந்தது. வெளிநாட்டுக் காட்சிக் காப்பகங்களின் பட்டியல்களில் லிப்டன் என்று தேடினால் படகுகள் வந்து குவியும். அதே காலத்தில் தம்பேதன்னை மலையில் கூடை சுமந்தவர்களைத் தேடினால் திரை வெறுமையாகவே இருக்கும். பழைய படங்களைத் தேடி எடுக்கும் வேலையில் இறங்குகிறவர் முதல் நாளே கற்றுக்கொள்ளும் பாடம் இதுதான்: பணம் இருந்த இடத்தில்தான் கமராவும் இருந்தது.

ஆவணப்படத்திலும் தொலைக்காட்சியிலும் இந்த வேலைக்கென்று தனி ஆட்கள் இருக்கிறார்கள். இயக்குநர் ஒரு வரி எழுதுவார்: '1948 இல் தோட்ட மக்களின் குடியுரிமை பறிக்கப்பட்டது.' அந்த ஏழெட்டு விநாடிகளுக்குத் திரையில் என்ன காட்டுவது? அதைத் தேடிப் போகிறவர்தான் காட்சி ஆய்வாளர். எந்த நாட்டில், எந்தப் பெட்டகத்தில், எந்தச் சுருளில் அந்தக் காலத்துக் காட்சி கிடக்கிறது என்று கண்டுபிடிக்க வேண்டும். அது சொல்லப்படும் இடத்தில், சொல்லப்படும் ஆண்டில் எடுக்கப்பட்டதுதானா என்று சரிபார்க்க வேண்டும். உரிமை யாரிடம் இருக்கிறது என்று அறிந்து, விலை பேசி, நல்ல பிரதியை வரவழைக்க வேண்டும். படத்தின் இறுதியில் ஓடும் பெயர்களில் இவருடைய பெயர் எங்கோ கீழே வரும். ஆனால் அந்தப் படம் உண்மை பேசுகிறதா என்பது பெரும்பாலும் இவர் கையில்தான் இருக்கிறது.

தமிழருக்கு இது புதிய தொழில் இல்லை. இந்தத் தொழிலின் உலக முன்னோடிகளில் ஒருவர் தமிழர் என்பதை நம்மில் பலர் மறந்துவிட்டோம். செட்டிநாட்டுக் கோட்டையூரில் பிறந்து, பர்மாவில் பத்திரிகை நடத்தி, டோக்கியோவிலும் நியூயோர்க்கிலும் ஒளிப்படக்கலை படித்த ஏ.கே.செட்டியார்தான் அவர். 1937 ஒக்டோபர் 2 ஆம் திகதி, காந்தியின் பிறந்த நாளில், நியூயோர்க்கிலிருந்து டப்ளின் நோக்கிப் போன கப்பலில் அவருக்கு ஓர் எண்ணம் தோன்றியது. காந்தியைப் பற்றி உலகம் முழுதும் பலர் எடுத்த படங்களைத் திரட்டி ஒரே படமாக்கினால் என்ன? அப்போது அவருக்கு வயது இருபத்தைந்து. பெரிய நிறுவனம் எதுவும் பின்னால் இல்லை.

ஏறத்தாழ ஒரு லட்சம் மைல் பயணம் செய்தார். முப்பது ஆண்டுக் காலத்தில் சுமார் நூறு கமராக்காரர்கள் எடுத்த படங்களிலிருந்து ஐம்பதாயிரம் அடிச் சுருளைச் சேர்த்தார். அதைப் பன்னிரண்டாயிரம் அடியாக வெட்டித் தொகுத்தார். 1940 ஓகஸ்டில் தமிழ் விளக்கவுரையோடு படம் வெளிவந்தது. பட்டியலோ மின்னஞ்சலோ இல்லாத காலத்தில், யுத்த மேகம் சூழ்ந்த ஐரோப்பாவில், ஒவ்வொரு செய்திப்பட நிறுவனத்தின் கதவையும் தட்டி ஒருவர் செய்த வேலை இது. பிறகு நடந்ததையும் சொல்லியாக வேண்டும். அந்த மூலப்படமே தொலைந்துபோனது. பல பத்தாண்டுகள் கழித்து, 1953 இல் அமெரிக்காவில் வெளிவந்த ஆங்கில வடிவத்தின் சுருக்கம் ஒன்றை ஆய்வாளர் ஆ.இரா.வேங்கடாசலபதி சான் பிரான்சிஸ்கோவில் ஒரு பல்கலைக்கழகத்தில் கண்டெடுத்தார். தேடிச் சேர்த்தவரின் படத்தையே இன்னொருவர் தேடிச் சேர்க்க வேண்டியதாயிற்று.

செட்டியாருக்கு ஒரு வசதி இருந்தது. அவர் தேடிய மனிதர் உலகப் புகழ் பெற்றவர். போன இடமெல்லாம் கமராக்கள் பின்தொடர்ந்தன. சுருள் டப்பா மேல் 'காந்தி' என்று எழுதியிருந்தது. பசறையிலோ மடூல்சீமையிலோ லுணுகலையிலோ கொழுந்து பறித்த ஒருவரைத் தேடுகிறவருக்கு அந்த வசதி இல்லை.

அப்படியென்றால் என்னதான் இருக்கிறது? எல்லோருக்கும் முதலில் நினைவுக்கு வருவது 'சோங் ஒஃப் சிலோன்'. ஜோன் கிரியர்சன் தயாரித்து பாசில் ரைட் இயக்கிய இந்தப் படத்துக்குப் பணம் கொடுத்தது இலங்கைத் தேயிலைப் பிரசார சபை. 1934 இல் எடுக்கப்பட்ட படம் அடுத்த ஆண்டு பிரசல்ஸ் விழாவில் முதல் பரிசு பெற்றது. உலக ஆவணப்பட வரலாற்றை எழுதுகிற எவரும் இதைத் தாண்டிப் போவதில்லை. அழகான படம் என்பதில் எனக்கும் மறுப்பு இல்லை. ஆனால் அதன் விளக்கவுரை 1681 இல் வெளியான ரொபர்ட் நொக்ஸின் நூலிலிருந்து எடுக்கப்பட்டது. கொழும்பின் லயனல் வென்ட் அதைப் படித்தார். நொக்ஸ் எழுதிய காலத்தில் இந்த நாட்டில் தேயிலையும் இல்லை, லயமும் இல்லை. தேயிலை விற்பதற்காக எடுத்த படத்தில், தேயிலை பறிக்கிறவர்கள் யார், எங்கிருந்து வந்தார்கள், என்ன கூலி வாங்கினார்கள் என்பதைச் சொல்ல ஒரு குரல் இல்லை. தந்திக் குரல்களும் சந்தை விலைகளும் கேட்கின்றன. கூடையோடு நிற்பவர்கள் பேசுவதில்லை. இதை எழுதும்போதும் எனக்குக் கோபம் வருகிறது.

அடுத்தது, தோட்டத்துரைமாரும் அவர்கள் குடும்பத்தாரும் எடுத்த வீட்டுப் படங்கள். 1923 இல் கொடக் நிறுவனம் 16 மில்லிமீற்றர் சுருளைக் கொண்டுவந்த பிறகு, வசதியுள்ளவர்கள் வீட்டிலேயே சலனப்படம் எடுக்கத் தொடங்கினார்கள். பங்களாவின் ரோஜாத் தோட்டம், குழந்தையின் பிறந்த நாள், குதிரைப் பந்தயம், நடுவில் இரண்டு நிமிடம் 'எங்கள் கூலிகள்'. ஓய்வு பெற்றுப் போனபோது சுருள்களும் அவர்களோடு கப்பலேறின. பேரப்பிள்ளைகள் வீட்டைத் துப்புரவு செய்தபோது சில குப்பைக்குப் போயின, சில நிறுவனங்களுக்குப் போய்ச் சேர்ந்தன. பிரிஸ்டலில் 2002 இல் திறந்த பேரரசு அருங்காட்சியகம் இத்தகைய சுருள்களை நிறையச் சேர்த்தது. அது 2008 இல் பொதுமக்களுக்கு மூடப்பட்டது. 2012 இல் சேகரிப்பு நகரக் காப்பகத்தின் பொறுப்புக்கு வந்தது. கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தின் தெற்காசிய ஆய்வு மையத்திலும் வீட்டுப் படங்கள் உண்டு. பிரித்தானியத் திரைப்படக் கழகமும் யுத்த அருங்காட்சியகமும் பிரிஸ்டலும் சேர்ந்து, குடியேற்ற நாடுகளில் எடுத்த ஆறாயிரத்துக்கு மேற்பட்ட படங்களின் பட்டியலை 2010 இல் வெளியிட்டன. பிரித்தானிய பதே நிறுவனம் 2014 இல் 85,000 செய்திப்படங்களை யூடியூபில் ஏற்றியது.

ஆகவே கதவுகள் முன்பைவிடத் திறந்திருக்கின்றன. தட்டுகிற ஆள்தான் இங்கிருந்து போகவில்லை.

இதில் ஒரு முன்னுதாரணம் நமக்குப் பயன்படும். 1927 இல் ரஷ்யாவில் எஸ்ஃபிர் ஷுப் என்ற பெண், சார் மன்னர் குடும்பத்தின் சொந்தப் படச்சுருள்களைத் தேடியெடுத்து, அவற்றை வைத்தே அந்த ஆட்சியின் வீழ்ச்சியைச் சொல்லும் படத்தைத் தொகுத்தார். அரண்மனைக்காக எடுத்த படம் மக்களின் சாட்சியமானது. பங்களாவுக்காக எடுத்த படத்தையும் லயத்தின் சாட்சியமாக்க முடியும். அதற்கு அந்தப் படத்தைப் படிக்கத் தெரிந்த கண் வேண்டும். அந்தக் கண் பிரிஸ்டலில் இல்லை, பதுளையில் இருக்கிறது.

பசறைப் பக்கத்துத் தோட்டமொன்றில், கொழுந்து வேலையிலிருந்து ஓய்வு பெற்ற ஓர் அம்மாவிடம், ஒலியில்லாத பழைய துண்டொன்றைக் கைப்பேசியில் காட்டினேன். பட்டியலில் அதற்கு இருந்த குறிப்பு மூன்றே சொல்: இலங்கை, கூலிகள், தேயிலை. இடமும் இல்லை, ஆண்டும் இல்லை. கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு பார்த்தார்.

"இது காலையில மலைக்குப் போறது இல்ல தம்பி. கொழுந்து நிறுக்கப் போறாங்க. கூடை பாரமா இருக்குது பாருங்க, கழுத்து முன்னுக்குச் சாஞ்சிருக்கு."

மறுபடி போடச் சொன்னார்.

"வெயில் காலத்துக் காத்து. தலைத்துணி பறக்குது. பின்னால புல்லு மலை காஞ்சு கிடக்கு. நம்ம பக்கமாத்தான் இருக்கணும். நுவரெலியாப் பக்கம் இப்படிக் காயாது."

மூன்றாவது முறை பார்த்தபோது ஓரத்தில் நின்ற ஒரு பெண்பிள்ளையைக் காட்டினார். அதுவரை நான் அவளைக் கவனிக்கவே இல்லை.

"இந்தப் புள்ள முகத்த மறைக்குது. துரை படம் புடிக்கிறாரு போல. பயம்."

பட்டியல் தயாரித்தவர்கள் படித்தவர்கள், தங்கள் தொழிலில் கெட்டிக்காரர்கள். ஆனாலும் அவர்கள் மூன்று சொல்லோடு நிறுத்திய இடத்தில், எழுதப் படிக்க அவ்வளவாகத் தெரியாத இந்த அம்மா நேரத்தையும் பருவத்தையும் வட்டாரத்தையும் படம் எடுத்தவரையும் சொல்லிவிட்டார். அவர் சொன்னதை அப்படியே தீர்ப்பாக எடுத்துக்கொள்ள முடியாது, சரிபார்க்கத்தான் வேண்டும். ஆனால் சரிபார்க்கும் வேலை எங்கே தொடங்க வேண்டும் என்பது இப்போது தெரிகிறது. ஊவாவின் பருவம் யூலையிலிருந்து செப்டெம்பர் வரை. அந்த வறண்ட காற்றில்தான் இந்த மலைகளின் தேயிலைக்கு அதன் தனி வாசனை ஏறுகிறது. மேற்குச் சரிவுகள் அந்த மாதங்களில் மழையில் நனைந்திருக்கும். வானத்தையும் புல்லையும் பார்த்தே ஒரு காட்சி எந்தச் சரிவில் எடுக்கப்பட்டது என்று ஊகிக்க வழி உண்டு. நமுனுகுலைச் சிகரங்களின் கோடு தெரிந்தால் திசையும் பிடிபடும். ரயில் பாதை இன்னொரு சாட்சி: ஒன்பது வளைவுப் பாலம் 1921 இல் முடிந்தது, பதுளைக்கு ரயில் வந்தது 1924 இல். ஆகவே பதுளை நிலையம் தெரிகிற எந்தச் சுருளும் அதற்கு முந்தியதாக இருக்க முடியாது. தெமோதரையில் பாதை சுற்றி வந்து நிலையத்துக்கு அடியிலேயே போகிறது. அப்படி ஓர் இடம் இந்தத் தீவில் வேறெங்கும் இல்லை. தொழிற்சாலையின் முகப்பு, பிள்ளைக்காம்பராவின் கூரை, இடுப்பில் படங்கு கட்டிய விதம், கவ்வாத்து வெட்டிய மலையின் நிறம் என்று ஒவ்வொன்றும் ஒரு தடயம். தோட்டத்தில் பிறந்து வளர்ந்தவர்களுக்கு இது படிப்பில்லாத அறிவு. அவர்கள் வயது எழுபதும் எண்பதும் ஆகிவிட்டது என்பதுதான் என் கவலை.

இருப்பதைச் சொன்னேன். இல்லாததையும் சொல்ல வேண்டும். ஒரு காட்சி இல்லை என்று துணிந்து சொல்வதும் இந்தத் தொழிலின் ஒரு பாதி.

1940 இல் பதுளைக்கு அருகே வெவெஸ்ஸ தோட்டத்தில் தொழிலாளர் வேலைநிறுத்தம் செய்தார்கள். தங்களுக்குள் ஒரு சபையைத் தேர்ந்தெடுத்தார்கள். அடக்க வந்த ஆயுதப் பொலிஸாரின் கையிலிருந்து ஆயுதத்தைப் பறித்தார்கள். மே மாதம் தடையை மீறிப் பதுளையில் பெருங்கூட்டம் நடந்தது; இடதுசாரித் தலைவர் என்.எம்.பெரேரா பேசினார். இந்த நாட்டுத் தொழிலாளர் வரலாற்றில் இதற்கு இணையான நாட்கள் அதிகம் இல்லை. அதற்குச் சலனப்படம் இல்லை. 1947 தேர்தலில் இலங்கை இந்தியக் காங்கிரஸின் எஸ்.எம்.சுப்பையா பதுளையிலிருந்து நாடாளுமன்றம் போனார். அடுத்த ஆண்டே குடியுரிமைச் சட்டம் வந்து, அவரை அனுப்பிய மக்களை நாடற்றவர்களாக்கியது. அரசாங்கத் திரைப்படப் பிரிவு தொடங்கியதும் அதே 1948 இல்தான். கோயில்களும் அணைகளும் விழாக்களும் அழகாகப் பதிவாயின. குடியுரிமை இழந்தவர்களின் முகத்தைத் தேடி அந்தக் கமரா லயத்துக்கு வந்ததாக நான் கண்டதில்லை.

1964 ஒக்டோபர் 30 ஆம் திகதி சிறிமா சாஸ்திரி ஒப்பந்தம் கையெழுத்தானது. ஐந்து லட்சத்து இருபத்தையாயிரம் பேரை இந்தியா ஏற்க வேண்டும், மூன்று லட்சம் பேரை இலங்கை ஏற்க வேண்டும், மீதி ஒன்றரை லட்சம் பேரைப் பற்றிப் பிறகு பேசலாம் என்று மனிதர்களைப் பங்கு போட்டார்கள். பிறகு எத்தனையோ ஆண்டுகள் மலையக ரயில் நிலையங்களில் அழுகைச் சத்தம் ஓயவில்லை. தலைமன்னார்வரை ரயில், அங்கிருந்து ராமேஸ்வரத்துக்குக் கப்பல், பிறகு மண்டபம் முகாம். நிலைய மேடையில் ஒருவரை ஒருவர் கட்டிப் பிடித்துக்கொண்டு பிரிய மறுத்த அந்தக் காட்சிகளை வீட்டுக்கு வீடு சொல்லக் கேட்டிருக்கிறோம். திரையில் பார்த்தவர் எத்தனை பேர்? தேட வேண்டிய இடங்கள் உண்டு. 1948 முதல் இந்திய அரசின் பிலிம்ஸ் டிவிஷன் வாரந்தோறும் செய்திப்படம் வெளியிட்டது. புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் 1964 முதல் இயங்குகிறது. பதுளையிலிருந்து போன குடும்பங்களின் பிள்ளைகள் நீலகிரியில் இருக்கிறார்கள். அவர்களில் ஒருவர் புனேக்குப் போய் உட்கார வேண்டும்.

இலங்கையில் தொலைக்காட்சி வந்ததே 1979 இல். ரூபவாஹினி 1982 இல். அதற்கு முன் இந்த மக்களை உலகம் உண்மையாகப் பார்த்தது ஒரு பிரித்தானிய நிகழ்ச்சியில். கிரனடா தொலைக்காட்சியின் 'வேர்ல்ட் இன் அக்ஷன்' குழு 1973 இல் ஒரு கோப்பைத் தேநீரின் விலை என்ன என்று கேட்டுத் தோட்டங்களுக்குள் கமராவோடு நுழைந்தது. நாட்டில் உணவுப் பஞ்சம் தலைகாட்டிய காலம். மெலிந்த குழந்தைகளும் ஒழுகும் காம்பராக்களும் பிரித்தானிய வரவேற்பறைகளுக்குள் போயின. தேயிலைப் பிரசார சபையின் படத்துக்கும் இதற்கும் நடுவே நாற்பது ஆண்டுகள். அதே கூடை, அதே நிரை. யார் கேட்கிறார், எதைக் கேட்கிறார் என்பது மட்டுமே மாறியிருந்தது.

கதைப்படங்களையும் விட்டுவிடக் கூடாது. 1963 இல் வந்த 'தோட்டக்காரி', 1975 இல் வி.பி.கணேசன் தயாரித்த 'புதிய காற்று' ஆகியவற்றில் நாயகன் நாயகிக்குப் பின்னால் தெரியும் மலையும் பாதையும் இன்று ஆவணமாகிவிட்டன. ஆனால் 1983 யூலையில் ஹெந்தளையில் விஜயா ஸ்டூடியோ எரிக்கப்பட்டபோது எத்தனையோ படங்களின் மூலச் சுருள்கள் சாம்பலாயின. அதே மாதம் 27 ஆம் திகதி பதுளை நகரமே எரிந்தது. கடைகளோடும் வீடுகளோடும் சேர்ந்து குடும்ப அல்பங்களும் எரிந்தன. எங்கள் காட்சி வரலாறு கவனக்குறைவால் மட்டும் அழியவில்லை. தீ வைத்தும் அழிக்கப்பட்டது.

இத்தனை இடைவெளிகள் இருப்பதால்தான் ஒரு தவறான பழக்கம் வளர்ந்துவிட்டது. எந்த ஆண்டைப் பற்றிப் பேசினாலும், எந்தத் தோட்டத்தைப் பற்றிப் பேசினாலும், கையில் கிடைத்த கொழுந்து பறிக்கும் காட்சியை ஓடவிடுகிறார்கள். 2023 இல் மலையக மக்கள் வந்த இருநூறு ஆண்டுகள் 'மலையகம் 200' என்று நினைவுகூரப்பட்டபோது, 1820 களின் காட்டுவழிப் பயணத்தைச் சொல்லும் குரலுக்கு மேல் தேயிலை மலை ஓடியது. முதலில் வந்தவர்கள் கோப்பிக்காக வந்தவர்கள். தேயிலை வந்தது பல பத்தாண்டுகள் கழித்து. பொருந்தாத படம் பார்வையாளரின் மனதில் பொய்யைப் பதிக்கிறது, அதுவும் சொல்லைவிட ஆழமாக. காட்சி இல்லையென்றால் கறுப்புத் திரையை வைத்துக் குரலை மட்டும் கேட்க விடலாம். அது நேர்மை.

இனி விலை. காப்பகங்கள் காட்சியை விநாடிக்கோ நிமிடத்துக்கோ கணக்குப் போட்டு விற்கின்றன. எந்த நாட்டில், எத்தனை ஆண்டுக்கு, எந்த ஊடகத்தில் காட்டப் போகிறோம் என்பதைப் பொறுத்துக் கட்டணம் ஏறும். குறுகிய காலத்துக்கு உரிமை வாங்கினால் பின்னால் இடர். அமெரிக்கக் கறுப்பின மக்களின் போராட்டத்தைச் சொல்லும் 'ஐஸ் ஒன் த பிரைஸ்' 1987 இல் ஒளிபரப்பாகிப் பெரும் பாராட்டுப் பெற்றது. காட்சிகளுக்கு வாங்கிய உரிமைகள் காலாவதியானதும் பல ஆண்டுகள் அதை ஒளிபரப்பவோ விற்கவோ முடியாமல் போனது. புதிதாகப் பணம் திரட்டி உரிமை பெற்ற பிறகே 2006 இல் மறுபடி திரைக்கு வந்தது. அவர்களுக்கே அப்படியென்றால், பண்டாரவளையிலிருந்து சொந்தக் காசில் படம் எடுக்கும் இளைஞரின் நிலையை நினைத்துப் பாருங்கள். தன் பாட்டியின் காலத்து மலையைக் காட்டவே வெளிநாட்டு நாணயத்தில் பணம் கட்ட வேண்டும். முகத்தை மறைத்த அந்தப் பெண்பிள்ளைக்கு அந்தக் காட்சியில் எந்த உரிமையும் இல்லை. படம் எடுத்தவரின் வாரிசுக்கோ, சுருளை வைத்திருக்கும் நிறுவனத்துக்கோதான் உரிமை. சட்டம் அப்படித்தான். அந்தச் சட்டம் நியாயமானது என்று நான் ஏற்கவில்லை. படத்தில் இருப்பவர்களின் சமூகத்துக்கு, கல்விக்கும் ஆவணப்படத்துக்கும் கட்டணமின்றிப் பிரதி கொடுப்பது அந்த நிறுவனங்கள் செய்யக்கூடிய மிகச் சிறிய கடமை. பதிலுக்கு அவர்களுக்குக் கொடுக்க நம்மிடமும் ஒன்று உண்டு: இடப்பெயர், பருவம், வேலையின் பெயர், முடிந்தால் மனிதரின் பெயர். அவர்கள் பட்டியலில் 'கூலிகள்' என்று நிற்கும் இடத்தில் எழுத வேண்டியவை அவை.

லண்டனைப் பற்றி இவ்வளவு பேசிவிட்டு, நம் அலுமாரியைத் திறக்காமல் இருக்கக் கூடாது. எண்பதுகளின் கடைசியிலிருந்து பதுளையிலும் பண்டாரவளையிலும் இருந்த ஸ்டூடியோக்காரர்கள் தோட்டத்துக் கல்யாணங்களையும் திருவிழாக்களையும் வீடியோவில் எடுத்தார்கள். பிரசார சபையும் துரையும் இல்லாமல், எங்கள் ஆட்களே எங்கள் ஆட்களை எடுத்த முதல் சலனப்படங்கள் அவை. ஒரு கல்யாணக் கசட்டில் கல்யாணம் மட்டுமா இருக்கிறது? இன்று இடிக்கப்பட்டுவிட்ட லயம், கொழும்புக்கு வேலைக்குப் போய்த் திரும்பாத சித்தப்பா, தப்பு அடிக்கிற பெரியவரின் கைவீச்சு, மாசி மாதக் காமன்கூத்தில் ரதியாக நின்றவரின் முகம், எல்லாம் அதில் இருக்கின்றன. காந்த நாடா நிலைத்து நிற்கும் பொருள் இல்லை. ஈரம் ஏறினால் பூஞ்சணம் பிடிக்கும், ஒட்டிக்கொள்ளும். நாடா ஒழுங்காக இருந்தாலும் ஓட்டிப் பார்க்கும் கருவி கிடைக்காது. 2025 க்குள் காந்த நாடாக்களைக் கணினிக்கு மாற்றாவிட்டால் பெரும்பகுதியை இழக்க நேரிடும் என்று யுனெஸ்கோ 2019 இலேயே எச்சரித்தது. அந்தக் காலக்கெடு கடந்துவிட்டது.

கைப்பேசி வந்த பிறகு நிலைமை தலைகீழ். 2014 ஒக்டோபர் 29 காலையில் கொஸ்லந்தை மீரியபெத்தையில் மலை சரிந்து லயங்களை மூடியபோதும், 2025 நவம்பர் கடைசியில் டிட்வா புயலில் பதுளை மாவட்டத்தின் மலைகள் உடைந்தபோதும் படம் எடுக்க ஆட்கள் இருந்தார்கள். வட்ஸ்அப்பில் ஆயிரம் துண்டுகள் ஓடின. எது எந்தத் தோட்டம், எந்த நாள், எடுத்தவர் யார் என்ற விபரம் முதல் பகிர்விலேயே உதிர்ந்துவிடுகிறது. இழப்பீட்டு விசாரணையில் சாட்சியாக வேண்டிய காட்சி, இரண்டு ஆண்டில் பெயரில்லாத துண்டாகிவிடும். 1930 களின் சுருள்களுக்கு நேர்ந்ததேதான் இவற்றுக்கும் நேரும்.

ஆகவே சில வேண்டுகோள்கள். பதுளையில் இருக்கும் ஊவா வெல்லஸ்ஸ பல்கலைக்கழகம் நாடாக்களைக் கணினிக்கு மாற்ற ஓர் அறையும் இரண்டு கருவிகளும் ஒதுக்க வேண்டும். ஈழத்து எழுத்துகளை இரண்டு பத்தாண்டுகளாகக் காத்துவரும் நூலகம் நிறுவனம் போன்றவற்றோடு தோட்டத்துப் பாடசாலைகள் கைகோக்க வேண்டும். தொழிற்சங்கங்கள் தங்கள் அலுவலக அலுமாரிகளில் கிடக்கும் கூட்டப் பதிவுகளை வெளியே எடுக்க வேண்டும். வாசகர்களே, உங்கள் வீட்டில் பழைய வீடியோ கசட் இருந்தால் எறிந்துவிடாதீர்கள். அதன் மேல் ஒரு தாளை ஒட்டி, தோட்டத்தின் பெயர், டிவிஷன், ஆண்டு, படத்தில் இருப்பவர்களின் பெயர்கள் ஆகியவற்றைப் பேனாவால் எழுதி வையுங்கள். எழுதுவதற்கு முன் வீட்டுப் பெரியவரைப் பக்கத்தில் உட்கார வைத்து, யார் யார் என்று கேளுங்கள். அதை இந்த வாரமே செய்யுங்கள்.